மணிக்கட்டில் ஒரு கணக்குப்பிள்ளை: ஏழு மாதம் கட்டிப் பார்த்த ஃபிட்னஸ் பேண்டு

பகல் முழுவதும் உட்கார்ந்தே சம்பாதிக்கிறவள் நான். திருச்சி மெயின்கார்டு கேட் அருகில் ஓர் ஆடிட்டர் அலுவலகத்தில் பதினாறு ஆண்டுகளாகக் கணக்கு எழுதுகிறேன். வீடு ஸ்ரீரங்கத்தில். காலை எட்டே முக்காலுக்குப் பேருந்தில் ஏறி ஒன்பதரைக்கு நாற்காலியில் அமர்ந்தால், மாலை ஆறரைக்குத்தான் அதிலிருந்து விடுதலை. கடந்த மே மாதம் எடுத்த இரத்தப் பரிசோதனையில் மூன்று மாதச் சர்க்கரைச் சராசரி 6.1 என்று வந்தது. 5.7 முதல் 6.4 வரை நீரிழிவுக்கு முந்தைய நிலை என்பதால், மாத்திரை இப்போதைக்கு வேண்டாம், உடம்பை அசைத்தால் போதும் என்று மருத்துவர் சொல்லி அனுப்பினார். எப்போது அசைப்பது என்பதை மட்டும் அவர் சொல்லவில்லை. விடியற்காலை ஐந்து மணியிலிருந்து அடுப்படி, இரவு வீடு திரும்பியதும் மறுபடியும் அடுப்படி. மூன்று ஆண்டுகளுக்கு முன் ஓர் உடற்பயிற்சிக் கூடத்தில் ஆண்டுச் சந்தா கட்டிவிட்டுப் பதினொரு நாள் போனவள் என்பதால், அந்த வழியில் மீண்டும் பணத்தைக் கொட்ட எனக்கு மனம் வரவில்லை.

அப்படித்தான் ஜூன் முதல் வாரத்தில் இரண்டாயிரம் ரூபாய்க்குச் சற்றுக் குறைவான விலையில், நாம் எடுத்து வைக்கும் அடிகளையும் இதயத் துடிப்பையும் மணிக்கட்டிலிருந்தே எண்ணும் ஒரு ஃபிட்னஸ் பேண்டு வாங்கினேன். தை பிறந்த பிறகு இதை எழுதுகிறேன். பேண்டின் பெயரைச் சொல்லப் போவதில்லை. இந்த விலையில் கிடைக்கும் பேண்டுகளை அலுவலகத்தில் நால்வர் கட்டியிருக்கிறார்கள்; நான்கையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தபோது, வெளிப்பெட்டியின் நிறமும் செயலியின் அழகும்தான் வேறே தவிர, செய்கிற வேலை ஏறக்குறைய ஒன்றுதான். ஆகவே இது ஒரு கம்பெனியைப் பற்றிய மதிப்புரை அன்று. உட்கார்ந்து வேலை பார்க்கிற ஒருத்திக்கு இந்த வகைப் பொருள் எதற்குப் பயன்படுகிறது, எங்கே ஏமாற்றுகிறது என்பதைப் பற்றியது.

வாங்கிய முதல் வாரம் எதையும் மாற்றிக்கொள்ளக் கூடாது என்று முடிவு செய்திருந்தேன். தணிக்கைக்குப் போனால் முதலில் ஆரம்ப இருப்பைத்தானே பார்ப்போம்? திங்கள் முதல் வெள்ளி வரை ஒரு நாளுக்கு 2,900 அடிகளுக்கும் 3,300 அடிகளுக்கும் இடையில் காட்டியது. ஓய்வு நாள் என்று நான் நினைத்துக்கொண்டிருந்த ஞாயிற்றுக்கிழமையில் 5,800. வேலை நாளில் களைத்துப் போகிறேன், ஞாயிற்றுக்கிழமை சற்று உட்கார்கிறேன் என்பதுதான் இத்தனை ஆண்டுகளாக என் நம்பிக்கை. கணக்கு அதற்கு நேர்மாறாக இருந்தது. வேலை நாளின் களைப்பு உட்கார்ந்தே வந்த களைப்பு என்பதை இந்தக் கறுப்புப் பட்டை ஒரே வாரத்தில் காட்டிக் கொடுத்தது. விலையில் பாதி அந்த வாரமே எனக்குத் திரும்பி வந்துவிட்டதாகக் கருதுகிறேன்.

பெட்டியைத் திறந்து செயலியை நிறுவியதும் அது நமக்காகவே ஓர் இலக்கைப் போட்டு வைக்கிறது: நாளொன்றுக்கு 10,000 அடிகள். இந்த எண்ணைக் கண்டு மலைத்துப் பேண்டையே கழற்றி வைத்தவர்களை எனக்குத் தெரியும். அவர்களுக்காக ஒரு செய்தி. 1964 டோக்கியோ ஒலிம்பிக்கை ஒட்டி ஜப்பானில் உடற்பயிற்சி மோகம் பிறந்தபோது, யமாசா என்ற கடிகார நிறுவனம் 1965இல் இடுப்பில் மாட்டிக்கொள்ளும் ஓர் அடிமானியை விற்பனைக்குக் கொண்டுவந்தது. அதன் பெயரே ‘மான்போ கேய்’, அதாவது பத்தாயிரம் அடி மானி. எண் அங்கிருந்து பிறந்ததே ஒழிய எந்த மருத்துவ ஆராய்ச்சியிலிருந்தும் பிறக்கவில்லை. ஹார்வர்டைச் சேர்ந்த ஐ-மின் லீ குழுவினர் 2019இல் வெளியிட்ட ஆய்வு, சராசரி வயது 72 உள்ள 16,741 பெண்களின் அடிகளைக் கருவி கட்டி அளந்தது. நாளுக்கு 2,700 அடி நடந்தவர்களைவிட 4,400 அடி நடந்தவர்களிடம் இறப்பு விகிதம் 41 விழுக்காடு குறைவாக இருந்தது. ஏறத்தாழ 7,500 அடிகளுக்குப் பிறகு கூடுதல் பலன் எதுவும் தெரியவில்லை. என் வயது 47 என்பதால் அந்த எண்கள் அப்படியே எனக்குப் பொருந்தும் என்று சொல்ல முடியாது. ஆனாலும் 3,000இல் நிற்கிறவளுக்கு 10,000 என்ற மலையைவிட 4,400 என்ற திண்ணை எட்டக்கூடியதாகத் தெரிந்தது. இலக்கை முதலில் 4,500 ஆக்கினேன், ஆடியில் 5,500, ஆவணியில் 6,500. செயலியில் இலக்கை மாற்றும் வசதி மூன்று பக்கங்களுக்கு உள்ளே ஒளிந்திருக்கிறது. தேடி மாற்றிக்கொள்ள வேண்டும்.

இனி இது எப்படி எண்ணுகிறது என்பதைப் பார்க்க வேண்டும், ஏனென்றால் இந்தப் பொருளின் பலமும் பலவீனமும் அங்கேதான் இருக்கின்றன. உள்ளே இருப்பது முடுக்கமானி என்ற சிறு சில்லு. அதற்குக் கால் என்ற ஒன்று இருப்பதே தெரியாது. கை முன்னும் பின்னும் வீசும் தாளத்தைக் கண்டுபிடித்து, அது நடையின் தாளமாகத் தோன்றினால் எண்ணத் தொடங்குகிறது. இரண்டு மூன்று அசைவுகளை அது நம்புவதில்லை. பத்துப் பன்னிரண்டு அடி தொடர்ந்து வைத்தால்தான் எண் நகர்கிறது. ஆகையால் அடுப்புக்கும் குளிர்சாதனப் பெட்டிக்கும் இடையே நான்கு அடி, அங்கிருந்து கழுவு தொட்டிக்கு மூன்று அடி என்று காலையில் நான் நடக்கிற நடையெல்லாம் கணக்கில் ஏறாமலே போகின்றன.

கணக்கு எழுதுகிறவள் என்பதால் சோதித்துப் பார்க்காமல் விட மனமில்லை. ஒரு ஞாயிறு அதிகாலை உத்திர வீதியில் வாய்க்குள் எண்ணிக்கொண்டே 500 அடி நடந்தேன். பேண்டு 493 என்றது. குறை சொல்ல ஏதுமில்லை. அதே நாள் காந்தி மார்க்கெட்டில் காய்கறி வாங்கி இரண்டு கைகளிலும் பையைத் தொங்கவிட்டுக்கொண்டு 500 அடி நடந்தபோது 388 என்று காட்டியது. சுமையால் கை வீசாமல் நின்றதே காரணம். அதிகமாக உழைத்ததற்குக் குறைந்த கூலி. அன்று மாலை தேங்காய் துருவி முடித்துவிட்டுத் தற்செயலாகப் பார்த்தால், அரிவாள்மணையின் முன் சம்மணமிட்டு உட்கார்ந்திருந்த எனக்கு 180 அடிகள் வரவு வைத்திருந்தது! பாத்திரம் தேய்த்ததற்கு அறுபது எழுபது. என் கணவரின் பைக்கில் பின்னால் உட்கார்ந்து மேடு பள்ளமான ஒரு சாலையில் போய் வந்ததற்கு நூற்றுச் சொச்சம். இத்தகைய பொய் வரவுகளும் விடுபட்ட வரவுகளும் ஒன்றுக்கொன்று ஏறக்குறைய நேராகிவிடுகின்றன என்பது என் அனுபவம். எனவே ஒரு நாளின் எண்ணை அப்படியே நம்பாமல், இந்த வாரத்தையும் போன வாரத்தையும் ஒப்பிடுவதற்கு மட்டும் பயன்படுத்தினால் ஏமாற்றம் இராது.

மலைக்கோட்டைச் சோதனையைத் தனியே சொல்ல வேண்டும். உச்சிப்பிள்ளையார் கோயிலுக்கு 417 படிகள் என்பது ஊரறிந்த கணக்கு. ஆடி மாதத்தில் ஒரு நாள் அலுவலகம் முடிந்ததும் அங்கிருந்தே போய் ஏறினேன். கைப்பிடிக் கம்பி உள்ள இடங்களிலெல்லாம் பேண்டு கட்டிய இடக்கையால் அதைப் பற்றிக்கொண்டு, தாயுமானவர் சந்நிதிப் பக்கம் சற்று நின்று மூச்சு வாங்கிவிட்டு, மேலே போய்ச் சேர்ந்தபோது பேண்டில் கூடியிருந்தது 290 அடிகள்தாம். படியேற்றத்தைத் தனியே எண்ண வேண்டுமானால் காற்றழுத்தத்தை அளக்கும் உணரி வேண்டும். இந்த விலைப் பேண்டுகளில் அது பெரும்பாலும் இருப்பதில்லை. ஆகவே சமதரையில் வைத்த அடியும் செங்குத்தான கற்படியில் வைத்த அடியும் அதற்கு ஒன்றே. ஆனால் அதே நேரத்தில் இதயத் துடிப்பு 148 என்று காட்டியதே, அங்குதான் அது தன் மானத்தைக் காப்பாற்றிக்கொண்டது. சமதரையில் வேகமாக நடந்தால் எனக்கு 105ஐத் தாண்டுவதில்லை. 220இலிருந்து வயதைக் கழித்தால் உச்சத் துடிப்பு தோராயமாகக் கிடைக்கும் என்ற பழைய வாய்பாட்டின்படி என் உச்சம் 173. அதில் 148 என்பது ஐந்தில் நான்கு பங்குக்கும் மேல். அடிக் கணக்கு சொல்லாத உழைப்பை இதயக் கணக்கு சொல்லிவிட்டது.

அந்தத் துடிப்பை அளப்பது பேண்டின் அடிப்பக்கத்தில் மினுக்கும் பச்சை விளக்கு. இரத்தம் பச்சை ஒளியை உறிஞ்சிக்கொள்ளும்; ஒவ்வொரு துடிப்பிலும் மணிக்கட்டில் இரத்தம் கூடிக் குறைவதால் திரும்பி வரும் ஒளியும் கூடிக் குறைகிறது. இதற்குப் பேண்டு தோலோடு ஒட்டியிருக்க வேண்டும். வளையல் அணிகிற பெண்களுக்கு இதில் ஒரு சங்கடம் உண்டு. கண்ணாடி வளையல்கள் பேண்டை இடித்து இடித்துத் தள்ளிவிடுகின்றன. விளக்கு தோலை விட்டு விலகியதும் துடிப்பு 60க்கும் 160க்கும் தாவுகிறது. நான் வளையல்களை எல்லாம் வலக்கைக்கு மாற்றிக்கொண்டேன். அத்தைக்கு இது முதலில் பிடிக்கவில்லை.

சரி, நடமாட்டம் உண்மையிலேயே கூடியதா? கூடியது. ஆனால் பேண்டு கூட்டவில்லை, நான் கூட்டினேன், பேண்டு நினைவூட்டியது. அதன் அமைப்புகளில் நெடுநேரம் உட்கார்ந்திருந்தால் அதிரச் செய்யும் வசதி ஒன்று உண்டு. நான் அதை 50 நிமிடத்துக்கு வைத்தேன். பத்து இருபதுக்கு மணிக்கட்டில் ‘விர்’ரென்று ஒரு சிறு அதிர்வு, எழுந்து நின்று திரும்ப உட்கார்ந்தால் ஏமாறாது, நூறடியாவது நடந்தால்தான் அடங்கும். முதல் வாரத்தில் எங்கே போவது என்று தெரியாமல் வராந்தாவில் சும்மா நடந்து, “என்னம்மா, யாரைத் தேடுகிறீர்கள்?” என்று ஆடிட்டர் கேட்கும்படி ஆயிற்று. பிறகு ஒரு வழி கண்டுபிடித்தேன். வீட்டிலிருந்து கொண்டுபோகும் ஒரு லிட்டர் தண்ணீர் பாட்டிலை விட்டுவிட்டு, மகனின் பழைய கால் லிட்டர் பாட்டிலை எடுத்துச் சென்றேன். எங்கள் அலுவலகம் இரண்டாம் மாடி. தண்ணீர் கேன் இருப்பது முதல் மாடியில். பாட்டில் சிறியதாக இருந்தால் கால் தானாக நடக்கிறது, காரணம் கேட்கிறவர்களுக்குக் காரணமும் கையில் இருக்கிறது.

அடுத்தது தொலைபேசி. மாதந்தோறும் 11ஆம் தேதியும் 20ஆம் தேதியும் ஜிஎஸ்டி தாக்கல் நாட்கள். “ஓடிபி வந்துவிட்டதா, சொல்லுங்கள்” என்று நாற்பது வியாபாரிகளை அழைத்தாக வேண்டும். முன்பெல்லாம் நாற்காலியில் உட்கார்ந்து பேசுவேன். இப்போது எண்களைக் குறித்துக்கொள்ள ஒரு துண்டுத்தாளும் பேனாவுமாக வராந்தாவில் நடந்துகொண்டே பேசுகிறேன். ஓர் அழைப்புக்கு எண்பது அடி, நூறடி என்று சேர்ந்து, வியாபாரிகளின் மறதி எனக்கு மாதம் இருமுறை நாலாயிரம் அடிகள் வரை சம்பாதித்துத் தருகிறது. இதில் பேண்டைப் பாராட்டியே ஆக வேண்டும். அந்த நாட்களின் எண்ணைத் திரையில் பார்த்திராவிட்டால் இந்த வழக்கம் மூன்று நாளில் நின்றிருக்கும்.

மூன்றாவது, பேருந்து. அரசின் சாதாரண நகரப் பேருந்தில் மகளிருக்கு 2021 முதல் கட்டணமில்லை என்பதால், முன்னதாகவே இறங்கிக்கொள்வதில் காசு நட்டம் எதுவும் கிடையாது. காவிரிப் பாலம் தாண்டியதும் அண்ணா சிலையில் இறங்கிச் சத்திரம் பேருந்து நிலையம் வழியாக அலுவலகத்துக்கு நடக்கிறேன். என் கால் அளவுக்கு 1,300 அடிகள் ஆகின்றன, பன்னிரண்டு நிமிடம். சத்திரத்தை ஒட்டிய நெரிசலில் பேருந்து ஊர்ந்து வந்து சேர்வதற்கும் இதற்கும் பெரிய வேறுபாடு இல்லை. சில நாட்களில் நான்தான் முந்துகிறேன். மழை பெய்தால் இறங்குவதில்லை. நடைபாதை என்று பெயர் பெற்ற இடத்தில் கடைகளும் இருசக்கர வாகனங்களும் இருப்பதால் பாதி தூரம் சாலையோரத்தில்தான் நடக்க வேண்டியிருக்கிறது என்பதையும், இதை எல்லோருக்கும் பரிந்துரைக்க இயலாது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

பேருந்தைப் பற்றிப் பேசும்போது ஒன்று நினைவுக்கு வருகிறது. உடலுழைப்புக்கும் இதயத்துக்கும் உள்ள தொடர்பை முதன்முதலில் நிறுவியதே பேருந்துகளை வைத்துத்தான். ஜெர்ரி மாரிஸ் என்ற மருத்துவர் லண்டனின் மாடிப் பேருந்துகளில் வேலை செய்தவர்களை ஆராய்ந்து 1953இல் வெளியிட்ட கட்டுரையில், நாள் முழுவதும் உட்கார்ந்து ஓட்டுகிற ஓட்டுநர்களைவிட, படியேறி இறங்கிச் சீட்டுக் கொடுக்கிற நடத்துநர்களுக்கு இதய நோய் குறைவு என்று காட்டினார். இருவரும் ஒரே பேருந்து, ஒரே ஊர், ஒத்த பின்னணி. நடத்துநர் எவரும் உடற்பயிற்சிக்கென்று நேரம் ஒதுக்கவில்லை. வேலையே அவரை நடக்க வைத்தது. உலக சுகாதார நிறுவனமும் 2020இல் தன் பரிந்துரையைத் திருத்தியது. வாரம் 150 முதல் 300 நிமிடம் மிதமான உழைப்பு வேண்டும் என்று சொன்னதோடு, ஒவ்வொரு தவணையும் குறைந்தது பத்து நிமிடமாவது நீடிக்க வேண்டும் என்ற பழைய நிபந்தனையை எடுத்துவிட்டது. மணிக்கட்டுக் கருவிகளின் பதிவுகளை வைத்து 2022இல் வெளிவந்த ஓர் ஆய்வு இன்னும் ஒரு படி மேலே போயிற்று. உடற்பயிற்சியே செய்யாத 25,241 பேரில், அன்றாட வேலைகளுக்கிடையே நாளுக்கு மூன்று முறை ஓரிரு நிமிடம் மூச்சிரைக்க இயங்கியவர்களுக்கு, பேருந்தைப் பிடிக்க ஓடுவது, படியேறுவது போன்றவைதாம், இறப்பு அபாயம் கணிசமாகக் குறைந்திருந்தது. கால் லிட்டர் பாட்டிலோடு மாடிப்படி ஏறி இறங்குகிறவளுக்கு இதைவிடத் தெம்பூட்டும் செய்தி என்ன இருக்க முடியும்?

ஆகஸ்டு முடிவில் என் வேலை நாள் சராசரி 6,500ஐத் தொட்டது. செப்டம்பரில் 3,700க்குச் சரிந்தது. வருமான வரித் தணிக்கை அறிக்கைக்குக் கடைசி நாள் செப்டம்பர் 30 என்பதை அறிந்தவர்களுக்கு விளக்கம் தேவையில்லை. அந்த மாதத்தின் பெரும்பகுதியும் பேண்டு 50 நிமிடத்துக்கு ஒருமுறை அதிர்ந்துகொண்டே இருந்தது. நான் அதைத் திரையைத் தட்டி அடக்கிக்கொண்டே இருந்தேன். 24ஆம் தேதி எரிச்சலில் அந்த வசதியையே அணைத்துவிட்டேன். மனிதர்கள் வேலையில் மூழ்கிக் கிடக்கும் நாள் எது, சும்மா சோம்பிக் கிடக்கும் நாள் எது என்ற வேறுபாடு அதற்குத் தெரியாது. தெரியாததே நல்லது என்று அக்டோபரில் வரைபடத்தைப் பார்த்தபோது தோன்றியது. அந்த மாதத்துப் பள்ளத்தை மறைக்க வழியில்லை.

குறைகளுக்கு வருகிறேன். ஆவணி வெயிலில் பட்டைக்கு அடியில் வியர்வை தேங்கித் தோல் சிவந்து அரித்தது. இரவில் கழற்றி வைத்து, பட்டையை வாரம் இருமுறை சோப்புப் போட்டுக் கழுவிய பின்னும் முழுமையாக ஆறவில்லை. சிங்காரத்தோப்பில் ஒரு நடைபாதைக் கடையில் 120 ரூபாய்க்குத் துணிப்பட்டை வாங்கி மாட்டிய பிறகுதான் அடங்கியது. பதினான்கு நாள் தாங்கும் என்ற பேட்டரி, இதயத் துடிப்பைத் தொடர்ந்து அளக்கும்படி வைத்தால் ஒன்பது நாள்தான் தாங்குகிறது. சார்ஜர் வேறு எதற்கும் பொருந்தாத காந்தப் பிடிப்பு வகை, தொலைந்தால் அவ்வளவுதான். காலை வெயிலில் திரையில் எதுவும் தெரிவதில்லை, கையால் நிழல் கட்டிப் பார்க்க வேண்டும். தமிழில் வரும் குறுஞ்செய்திகள் எல்லாம் கட்டம் கட்டமாகத் தெரிகின்றன. தமிழ்நாட்டுக் கடைகளில் இத்தனை விற்கிற ஒரு பொருளில் நம் எழுத்தைச் சேர்க்க எவருக்கும் தோன்றவில்லை என்பது எனக்கு மனக்குறைதான். எரித்த கலோரி என்று அது காட்டும் எண், நாம் கொடுத்த எடையையும் உயரத்தையும் வைத்துப் போட்ட ஊகக் கணக்கு. அதை நம்பி இரண்டு மைசூர்பாகு கூடுதலாகச் சாப்பிட்டுவிட வேண்டாம். தூக்கக் கணக்கைப் பற்றிச் சொல்ல எனக்கு ஏதுமில்லை, இரவில் கட்டுவதில்லை.

அக்டோபர் நடுவில் திரை திடீரென்று இருண்டுவிட்டது. ஓராண்டு உத்தரவாதம் இருந்தது. ஆனாலும் பழுது பார்க்கும் இடத்தில் கொடுத்து வாங்குவதற்குப் பத்தொன்பது நாட்களும் ஐந்து தொலைபேசி அழைப்புகளும் ஆயின. அந்தப் பத்தொன்பது நாள் வெறுங்கையோடு இருந்ததில் ஓர் உண்மை புலப்பட்டது. அண்ணா சிலையில் இறங்குவது நிற்கவில்லை, அது காலுக்குப் பழகிவிட்டது. நடந்துகொண்டே பேசுவதும் நிற்கவில்லை. நின்றுபோனது மணிக்கொரு முறை எழுந்திருப்பதுதான். கைப்பேசியில் அலாரம் வைத்துப் பார்த்தேன். அது அறை முழுவதற்கும் கேட்டதால் இரண்டாம் நாளே எடுத்துவிட்டேன். மணிக்கட்டில், எனக்கு மட்டும் தெரியும்படி, நடந்தாலொழிய விடாமல் அதிர்கிற அந்த ஒரு வசதிக்காகத்தான் இதை வாங்கலாம் என்று இன்று சொல்வேன். மற்ற எல்லாம் கொசுறு.

வாங்கக் கூடாதவர்களும் உண்டு என்பதை அத்தையிடமிருந்து தெரிந்துகொண்டேன். அவருக்கு வயது 72. மார்கழியில் ஒரு நாள் வேடிக்கையாகப் பேண்டை அவர் கையில் கட்டிவிட்டேன். நாலரை மணிக்கு எழுந்து, வாசல் தெளித்து, குந்தி உட்கார்ந்தும் குனிந்து நகர்ந்தும் ஏறத்தாழ ஒரு மணி நேரம் கோலம் போட்டார். இருபத்தொரு புள்ளி, நடுவில் பூசணிப்பூ. இடைவிடாமல் முழங்கால் மடங்கி நிமிர்ந்த அந்த ஒரு மணி நேரத்தின் முடிவில், கையிலிருந்த பேண்டு அதிர்ந்து, ‘நீண்ட நேரம் உட்கார்ந்திருக்கிறீர்கள், எழுந்து நடக்கவும்’ என்பதற்கான சித்திரத்தைக் காட்டியது. இதென்ன என்று கேட்டார். சொன்னேன். “இது யாரு என்னைச் சொல்றதுக்கு?” என்று கோலமாவுக் கையோடு அதைக் கழற்றி என்னிடம் கொடுத்துவிட்டு உள்ளே போனார். அன்று இரவு வரை அவர் கட்டியிருந்திருந்தாலும் அது மூவாயிரத்தைக் காட்டியிருக்குமா என்பது ஐயம்தான். நாள் முழுவதும் குனிந்து நிமிர்ந்து, தூக்கிச் சுமந்து, தேய்த்துத் துடைத்து வாழ்கிறவர்களின் உழைப்பில் பெரும்பகுதி இந்தக் கருவியின் கண்ணுக்குத் தெரியாது. இந்தியாவில் பெண்களில் 57 விழுக்காட்டினர் போதிய உடலியக்கம் இல்லாதவர்கள் என்று உலக சுகாதார நிறுவனம் 2022ஆம் ஆண்டுக்குக் கணித்திருக்கிறது. நான் அந்தக் கணக்கில் ஐயமில்லாமல் ஒருத்தி. அத்தை நிச்சயமாக இல்லை. எங்கள் இருவர் கையிலும் ஒரே பேண்டைக் கட்டிப் பார்த்தால் அவர்தான் சோம்பேறி என்று தீர்ப்பு வரும்.

டிசம்பர் இறுதியில் மறுபடி எடுத்த பரிசோதனையில் சர்க்கரைச் சராசரி 5.8. இதைப் பேண்டின் வரவில் எழுத மாட்டேன். அதே மாதங்களில் தேநீருக்குச் சர்க்கரை போடுவதையும் நிறுத்தியிருந்தேன், எது எவ்வளவு குறைத்தது என்று பிரித்துச் சொல்ல என்னிடம் ஆதாரம் இல்லை. வேலை நாள் சராசரி இப்போது 6,900.

வாங்க நினைப்பவர்கள் கடையில் மூன்றைக் கேட்டுக்கொள்ளுங்கள். உட்கார்ந்திருப்பதை உணர்த்தும் அதிர்வுக்கு நேரத்தை நாமே மாற்ற முடியுமா, மதிய உணவு நேரத்துக்கு அதை நிறுத்தி வைக்க முடியுமா என்பது ஒன்று. பட்டை வெளியில் கிடைக்கும் பொதுவான அளவா என்பது இன்னொன்று. தமிழ் எழுத்து தெரிகிறதா என்பதை உங்கள் கைப்பேசியோடு இணைத்து, ஒரு குறுஞ்செய்தி அனுப்பிப் பார்த்துவிடுங்கள். இரத்த ஆக்சிஜன், மன அழுத்தம், நூறு வகை விளையாட்டு என்று அடுக்குவதற்காகக் கூடுதலாக ஆயிரம் கொடுக்கத் தேவையில்லை.

என் பக்கத்து மேசைக்காரர் இதைப் போல ஒன்று வாங்கலாமா என்று போன வாரம் கேட்டார். வாங்குவதற்கு முன் ஒரு வாரம் என்னுடையதைக் கட்டிப் பாருங்கள் அக்கா என்று கொடுத்துவிட்டேன். நேற்றுக் காலை பதினொன்றரை மணியளவில் அவர் ‘ச்சே’ என்று மணிக்கட்டைப் பார்த்து முனகிக்கொண்டே எழுந்து கீழே தண்ணீர் கேனுக்குப் போனார். என் பாட்டிலும் காலியாகத்தான் இருந்தது. எடுத்துக்கொண்டு பின்னாலேயே இறங்கினேன்.